பேனரில் நானும் மாமாவும்

எட்டாம் வகுப்போடு என் படிப்பு நின்றுபோனது. நிறுத்தியவர்கள் எல்லோரும் என் மேல் உயிரையே வைத்திருந்தவர்கள் என்பதுதான் இதில் வயிற்றெரிச்சல். எதிரி என்று ஒருத்தன் இருந்திருந்தால் மண்ணை வாரித் தூற்றிவிட்டு மனசை ஆற்றிக்கொண்டிருப்பேன். அந்தக் கொடுப்பினையும் எனக்கு இல்லை.

எங்களுக்குச் சொந்த ஊர் தென்காசிப் பக்கம். ஆனால் நான் பிறந்தது கொச்சி மட்டாஞ்சேரியில். பஜார் ரோட்டில் சுக்கும் மிளகும் அடுக்கிய கிடங்குகளைத் தாண்டிப் போனால் ஒரு சந்து வரும். அதில் வரிசையாக ஓட்டு வீடுகள். அதில் ஒன்றில் அப்பா, அம்மா, நான், தம்பி. சந்து முனையில் அப்பாவுக்குக் காய்கறிக்கடை. மலையாளிகள் அவரை அண்ணாச்சி என்று கூப்பிடுவார்கள். தக்காளி அழுகியிருந்தால் மட்டும், தமிழனை இளக்காரமாகச் சொல்கிற பாண்டி என்பார்கள். அப்பா இரண்டுக்கும் ஒரே மாதிரி சிரிப்பார். எனக்குத்தான் பற்றிக்கொண்டு வரும்.

நான் படித்தது மலையாளத்தில். தமிழ் வாயில்தான் இருந்தது, அதிலும் பாதி மலையாளம். தமிழ் எழுத்தென்று பார்த்தால், பொள்ளாச்சியிலிருந்து காய் கொண்டுவரும் லாரியின் நெற்றியில் இருப்பதை எழுத்துக்கூட்டிப் படிக்கும் அளவுக்குத் தெரியும். அது ஒரு குறையென்று அப்போது எனக்குத் தோன்றவே இல்லை. வகுப்பில் கணக்குக்கு நான்தான் முதல். கணக்கு டீச்சர் போர்டில் ஒரு கணக்கை எழுதிவிட்டு, யாருக்கும் வராதபோது என் பக்கம் சாக்பீஸை நீட்டுவார். அதை வாங்கப் போகும்போது என் நடையே மாறிவிடும். திமிர்தான், வேறென்ன.

ஒரு நாள் டீச்சர் அப்பாவின் கடைக்கே வந்து, இவளை எஞ்சினியரிங் வரை கொண்டுபோக வேண்டும், இடையில் நிறுத்திவிடாதீர்கள் என்று சொல்லிவிட்டுப் போனார். அன்றைக்கு அப்பா கடையைச் சீக்கிரமே அடைத்துவிட்டு வந்து, அதை அம்மாவிடம் சொன்னார். பிறகு பக்கத்து வீட்டில் சொன்னார். பிறகு ஊருக்கு போன் போட்டு மாமாவிடம் சொன்னார். எங்கள் வம்சத்தில் ஆணோ பெண்ணோ எட்டாம் வகுப்பை மிதித்தவர்கள் அதுவரை இல்லை.

கிறிஸ்துமஸ் பரீட்சைக்கு முந்தின வாரம் நான் பெரியவளானேன்.

என் வகுப்பில் மலையாளிப் பிள்ளைகள் சிலருக்கு ஏற்கனவே வந்திருந்தது. இரண்டு நாள் லீவு போட்டுவிட்டு, பைக்குள் ஒரு பொட்டலத்தோடு வந்து உட்கார்ந்துகொள்வார்கள். எங்கள் வீட்டில் அப்படி நடக்குமா? சமையல் மூலையில் பச்சைத் தென்னோலையை மறைப்பாகக் கட்டி அம்மா என்னை உள்ளே உட்கார வைத்தாள். தனித் தட்டு, தனி டம்ளர், தனிப் பாய். காலையில் நல்லெண்ணெய் ஊற்றிய பச்சை முட்டை, அதை விழுங்கி முடிப்பதற்குள் உளுந்தங்களி. ஆம்பிளை முகத்தைப் பார்க்கக் கூடாது, அப்பா முகத்தைக்கூட. நான் கேட்டது ஒன்றே ஒன்றுதான். பரீட்சைக்கு மட்டும் போய்விட்டு வந்துவிடுகிறேன், வந்ததும் திரும்ப உட்கார்ந்துகொள்கிறேன் என்று அழுதேன்.

"ஏட்டி, தலைக்கு ஊத்தாம வாசப்படி தாண்டுவியா? சடங்கு முடியட்டும். பொறவு காலம் பூரா படி, யாரு வேண்டாம்னா" என்றாள் அம்மா.

நான் நம்பினேன். அம்மாவும் அதை நம்பித்தான் சொன்னாள்.

பள்ளிக்கூடத்திலிருந்து டீச்சர் போன் பண்ணினார். அப்பாதான் எடுத்தார். இந்த விஷயத்தை ஒரு பொம்பிளை வாத்தியாரிடம் ஆம்பிளை தன் வாயால் எப்படிச் சொல்வது என்று கூசிப்போய், காய்ச்சல் என்று சொல்லிவிட்டார். சரி, அதோடு விட்டாரா? வாயால் சொல்ல வெட்கப்பட்ட அதே மனிதர், மறுநாள் தோப்பும்படிக்குப் போய் அதையே ஆளுயரத்துக்கு ஃபிளெக்ஸ் அடித்துச் சந்து முனையில் கட்டினார்.

தமிழ்நாட்டில் இருப்பவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். எங்கள் ஊர்ப் பக்கம் சடங்கென்றால் பேனர் உண்டு. ஒரு பக்கம் பெண், இன்னொரு பக்கம் தாய்மாமன். குடிசை கட்டுவதிலிருந்து மாலை போடுவது வரை தாய்மாமனுக்குத்தான் உரிமை. அவன் படம் இல்லாவிட்டால் அது சண்டையில் போய் முடியும். என் மாமா அம்மாவுக்குக் கடைசித் தம்பி. என்னைவிடப் பத்து, பதினோரு வயசு மூத்தவர், ஊரில் கொத்து வேலை. ஒரு சொந்தக்காரர் கல்யாணத்தில் நான் பட்டுப்பாவாடையோடு எடுத்த படமும், அதே கல்யாணத்தில் மாமா முறுக்கு மீசையோடு எடுத்த படமும் அப்பாவிடம் இருந்தன. இரண்டையும் கொடுத்தார். ஃபிளெக்ஸ் கடைக்காரர் வாழ்நாளில் சடங்கு பேனர் அடித்ததில்லை. அவரிடம் இருந்தது கல்யாண மாடல்தான். இரண்டு வட்டம், நடுவில் ரோஜாப்பூ, சுற்றிலும் இதயம் இதயமாக. படங்கள் வெறிச்சென்று இருக்கின்றனவே என்று கம்ப்யூட்டரிலேயே இரண்டு பேர் கழுத்திலும் மாலையைப் போட்டுவிட்டார். அப்பாவுக்கு அது ரொம்பப் பிடித்துப்போனது.

எழுத்தெல்லாம் தமிழ். அப்பா அடம்பிடித்துச் சேர்க்கச் சொன்னது ஒன்றுதான். என் பெயருக்குக் கீழே எட்டாம் வகுப்பு என்றும், அதற்குக் கீழே பள்ளிக்கூடத்தின் பெயரை இங்கிலீஷிலும் போடச் சொன்னார். அந்தப் பெருமைக்குத்தான் பேனரே. அண்ணாச்சி மகள் படிக்கிறாள் என்று போகிறவர் வருகிறவர் பார்க்க வேண்டும்.

நான் ஓலைக்குள் இருந்ததால் பார்க்கவில்லை. தம்பி ஓடிவந்து மறைப்புக்கு வெளியே நின்று, அக்கா, உன் மூஞ்சி என்னைவிடப் பெரிசா இருக்கு என்று சொல்லிச் சிரித்தான். எனக்கும் சிரிப்பாகத்தான் வந்தது.

டீச்சர் ஆட்டோவில் அந்த வழியாகப் போயிருக்கிறார். தமிழ் படிக்கத் தெரியாத ஒருவர் அந்த பேனரில் எதைப் பார்ப்பார்? தன் வகுப்புப் பிள்ளை, பட்டும் மாலையுமாக. பக்கத்தில் மாலை போட்ட மீசைக்காரன். வருகிற ஞாயிற்றுக்கிழமைத் தேதி. தன் பள்ளிக்கூடத்தின் பெயர். பிள்ளை ஒரு வாரமாக வகுப்புக்கு வரவில்லை, கேட்டால் காய்ச்சல் என்கிறார்கள். நான் அவர் இடத்தில் இருந்திருந்தால் நானும் அதைத்தான் நினைத்திருப்பேன். அதனால்தான் அவர் மேல் முழுசாகக் கோபப்படவும் முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை சந்திலேயே பந்தல் போட்டு சடங்கு. மாமா ஊரிலிருந்து சீர்த்தட்டுகளோடு வந்தார். புடவை, வளையல், பழம், இனிப்பு எல்லாவற்றுக்கும் நடுவில் ஒரு தட்டில் ஜியாமெட்ரி பாக்ஸ் ஒன்று இருந்தது. கணக்குப் படிக்கிற பிள்ளைக்கு எது வேணும் என்று கடைக்காரரிடம் கேட்டு வாங்கினாராம். சீர்த்தட்டில் ஜியாமெட்ரி பாக்ஸா என்று பொம்பிளைகள் எல்லாம் கேலி பண்ணினார்கள். எனக்கு அந்தத் தட்டு ஒன்றே போதும் என்றிருந்தது.

மாமா என் கழுத்தில் மாலையைப் போட்ட நேரத்தில்தான் அவர்கள் வந்தார்கள். குழந்தைகளைப் பாதுகாக்கிற ஆபீஸிலிருந்து ஒரு அம்மா, ஒரு போலீஸ்காரர், பின்னால் கணக்கு டீச்சர். அப்பாவுக்கு முகமெல்லாம் பல். இத்தனை வருஷத்தில் எங்கள் வீட்டு விசேஷத்துக்கு மலையாளிகள், அதுவும் உத்தியோகஸ்தர்கள், வந்ததே இல்லை. ஓடிப்போய் நாற்காலி எடுத்துப் போட்டார். சந்தனக் கிண்ணத்தை நீட்டினார். சாப்பிட்டுவிட்டுத்தான் போக வேண்டும் என்று தன் மலையாளத்தில் கெஞ்சினார். அந்த அதிகாரியம்மா கிண்ணத்தைத் தொடவில்லை. மாமாவைக் காட்டி, இவர் யார் என்று கேட்டார்.

பொம்பிளைகள் எல்லோரும் ஒரே நேரத்தில் தமிழில் பேச ஆரம்பித்தார்கள். அதிகாரியம்மா எல்லோரையும் அடக்கிவிட்டு என்னிடம் வந்து குனிந்து, இது என்ன சடங்கு என்று உனக்குத் தெரியுமா மோளே என்று கேட்டார். எனக்குத் தெரியும். சொல்லுகிற மலையாளமும் எங்கள் ஆட்கள் எல்லோரையும்விட எனக்கு நன்றாகவே தெரியும். ஆனால் போலீஸ்காரர் நிற்கிறார், அப்பா நிற்கிறார், மாமா நிற்கிறார். எனக்கு வந்துவிட்டது என்று அத்தனை ஆம்பிளைகள் முன்னால் நான் எந்த வார்த்தையில் சொல்வேன்? பள்ளிக்கூடத்தில் அந்தப் பாடம் வந்தபோது பையன்களை மைதானத்துக்கு அனுப்பிவிட்டு, பெண்களிடம் மிச்சத்தை வீட்டில் படித்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிப் புத்தகத்தை மூடியவர்கள்தானே. நான் தலையைக் குனிந்துகொண்டேன். தலை குனிந்த பெண்ணைப் பார்த்தால் யாருக்கும் ஒன்றுதான் தோன்றும்.

டீச்சர் என் தோளைப் பிடித்துத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு, "பேடிக்கண்டா மோளே, ஞானுண்டு" என்றார். பயப்படாதே, நான் இருக்கிறேன் என்று அர்த்தம். அதுவரை எனக்குப் பயமே இல்லை. அப்போதுதான் வந்தது.

கொஞ்ச நேரத்தில் இது கல்யாணம் இல்லை, பெரியவளானதற்குச் செய்வது என்று அவர்களுக்குப் புரிந்துவிட்டது. அங்கேயே முடிந்திருக்கும். ஆனால் அதிகாரியம்மா அப்பாவிடம் இன்னொரு கேள்வி கேட்டார். உங்கள் ஆட்களில் அம்மாவன், அதாவது தாய்மாமன், அக்கா மகளைக் கட்டிக்கொள்வது உண்டா என்று.

"முறை உண்டு மேடம்" என்றார் அப்பா.

காய்ச்சல் என்று சொல்லத் தேவையில்லாத பொய்யைச் சொன்ன மனிதர், பொய் சொல்லியே ஆக வேண்டிய இடத்தில் உண்மையைச் சொன்னார். முறை உண்டு, ஆனால் எங்களுக்கு அந்த நினைப்பே இல்லை, இவள் எஞ்சினியர் ஆகப்போகிறவள், மச்சானுக்குக் கடையநல்லூரில் பெண் பார்த்து வைத்திருக்கிறோம் என்றெல்லாம் அவர் மேலே சொன்னதை யாரும் கேட்கவில்லை. மூன்று பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மாமாவை ஸ்டேஷனுக்குக் கூட்டிக்கொண்டு போய் உட்கார வைத்து, சாயங்காலம்தான் விட்டார்கள். என்னை ஒரு கமிட்டி முன்னால் கொண்டுவந்து நிறுத்த வேண்டும் என்றும், தேவைப்பட்டால் கொஞ்ச காலம் ஒரு ஹோமில் வைத்துப் படிக்க வைப்பார்கள் என்றும் அப்பாவிடம் சொல்லிவிட்டுப் போனார்கள். பந்தலில் சாம்பார் ஆறிப்போய் இருந்தது. பேனரை அப்பாவே போய் அவிழ்த்துச் சுருட்டிக்கொண்டு வந்தார்.

படிக்க வைப்பார்கள் என்பது அப்பா காதில் விழவில்லை. ஹோம் என்பதுதான் விழுந்தது. பிள்ளையைப் பிடுங்கிக்கொண்டு போய்விடுவார்கள், நாம் பாண்டிக்காரர்கள், கேட்க நாதி இல்லை என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டாள். மறுநாள் காலையில் அம்மா என்னை வைட்டிலாவுக்குக் கூட்டிக்கொண்டு போய்த் தென்காசி பஸ்ஸில் ஏற்றினாள். கொஞ்ச நாள்தான், ஆறப்போட்டதும் கூட்டிக்கொண்டு வந்துவிடலாம் என்றாள். தம்பி எங்களோடு வரவில்லை. அவனுக்கு அன்றைக்குப் பரீட்சை.

ஊரில் தாத்தா வீட்டில் என்னை விட்டார்கள். அங்கே பள்ளிக்கூடத்துக்கு மாமாதான் கூட்டிக்கொண்டு போனார். டி.சி. எங்கே என்று ஹெட்மாஸ்டர் கேட்டார். டி.சி. வாங்க மட்டாஞ்சேரிப் பள்ளிக்கூடத்தின் வாசலை மிதித்தால் பிள்ளை எங்கே என்று கேட்பார்களே என்று அப்பா அந்தத் தெருப்பக்கமே போகாமல் இருந்தார். ஹெட்மாஸ்டர் நல்ல மனிதர்தான். சரி, பார்ப்போம் என்று எட்டாம் வகுப்புத் தமிழ்ப் புத்தகத்தைக் கொடுத்து வாசிக்கச் சொன்னார். நான் எழுத்துக்கூட்டினேன். முதல் வரியை முடிப்பதற்குள் வியர்த்துவிட்டது. கணக்குக் கேளுங்கள் சார் என்றேன். கணக்கையும் தமிழில்தான் கேட்பாங்க பிள்ள என்றார். ஐந்தாம் வகுப்பில் உட்கார்ந்து எழுத்துப் பழகட்டும், பிறகு மேலே ஏற்றலாம் என்று மாமாவிடம் சொன்னார். சமைஞ்ச பிள்ளையைச் சின்னப் பிள்ளைகளோடு உட்கார வைக்கிறதா, ஊர் சிரிக்காதா என்று தாத்தா ஒரே பேச்சில் முடித்துவிட்டார். நான் உட்கார்ந்திருப்பேன். கைக்குழந்தைகளோடு பால்வாடியில் உட்காரச் சொன்னாலும் உட்கார்ந்திருப்பேன். என்னை யார் கேட்டார்கள்?

பீடி சுற்றக் கற்றுக்கொண்டேன். கை வேகம் என்று எல்லோரும் மெச்சினார்கள். ஓணம் வரட்டும், ஸ்கூல் திறக்கட்டும், அந்தப் போலீஸ்காரர் மாறிப்போகட்டும் என்று அப்பா போனில் சொல்லிக்கொண்டே இருந்தார். அந்த கேஸ் என்ன ஆனதென்று இன்று வரைக்கும் எங்களுக்குத் தெரியாது. யாரும் தேடிக்கொண்டு வரவில்லை. ஒருவேளை அந்த வாரமே மூடிவிட்டார்களோ என்னவோ. அப்படி ஒரு வார்த்தை வந்து யாராவது சொல்லியிருந்தால் நான் திரும்பிப் போயிருப்பேன். நாங்கள் மட்டும் வருஷக்கணக்காக ஒளிந்துகொண்டிருந்தோம்.

கடையநல்லூர்ப் பெண் வீட்டார் விலகிக்கொண்டார்கள். அக்கா மகளைக் கட்டப்போய் கேரளாவில் போலீஸ் பிடித்த மாப்பிள்ளை என்று யாரோ அவர்களிடம் சொல்லிவிட்டார்கள். எனக்கு வந்த ஒன்றிரண்டு பேச்சுகளும் அதே கதையில் முறிந்தன. ஊர் வாயை மூட உலைமூடி ஏது? கடைசியில் பெரியவர்கள் உட்கார்ந்து பேசினார்கள். இவளுக்குப் பேர் கெட்டது அவனாலே, அவனுக்குக் கெட்டது இவளாலே, ரெண்டையும் சேர்த்து வைத்துவிட்டால் வம்பே இல்லை என்றார்கள். மாமா முதலில் மாட்டேன் என்றார். தூக்கி வளர்த்த பிள்ளை என்று சொல்லி அழவும் செய்தார். அவர் அழுகையையும் யாரும் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை. பதினெட்டு வயசு முடிகிற வரைக்கும் மட்டும் காத்திருந்தார்கள். அந்த அதிகாரிகளிடமிருந்து எங்கள் குடும்பம் கற்றுக்கொண்ட பாடம் அது ஒன்றுதான். முடிந்ததும் தாலி கட்டி வைத்தார்கள்.

அவர் என் மேல் ஒரு நாளும் கை ஓங்கியதில்லை. நல்லவர். மாமா என்றுதான் இப்போதும் கூப்பிடுகிறேன். அந்த அழைப்பு எனக்கு எப்போது கணவனைக் கூப்பிடுவதாக மாறியது என்று கேட்டால், மாறவே இல்லை என்றுதான் சொல்வேன்.

அப்பாவுக்கு முடியாமல் போனதும் நாங்கள் மட்டாஞ்சேரிக்கே வந்துவிட்டோம். கடையை இப்போது நாங்கள்தான் பார்க்கிறோம். தம்பி அதே பள்ளிக்கூடத்தில் முடித்து, டிப்ளமோ படித்து, காக்கநாட்டில் ஒரு கம்பெனியில் வேலை பார்க்கிறான். அவன் மேல் எனக்குப் பொறாமையா என்று கேட்டால், ஆமாம். கேட்கக் கூடாதென்று யாரும் கேட்பதில்லை.

போன மாதம் ஒரு சாயங்காலம் டீச்சர் கடைக்கு வந்தார். ரிடையராகிவிட்டாராம், முடி முழுக்க வெளுத்திருந்தது. என்னைக் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்துவிட்டு, அடையாளம் தெரிந்ததும் என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். கண்ணெல்லாம் கலங்கிவிட்டது. அன்றைக்கு உன்னைக் காப்பாற்றினேனே, அதுதான் என் சர்வீஸில் நான் செய்த பெரிய காரியம், ரிடையராகிற அன்று மேடையில்கூட அதைச் சொன்னார்கள் என்றார். அப்புறம் உன்னைக் காணவே இல்லை, ஊரில் நல்ல பள்ளிக்கூடத்தில் சேர்த்திருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டேன் என்றார். எதுவரை படித்தாய் என்று கேட்டார்.

நான் பதில் சொல்வதற்குள் உள்ளேயிருந்து மாமா வெங்காய மூட்டையைத் தூக்கிக்கொண்டு வந்து இறக்கினார். மீசை நரைத்திருந்தாலும் முறுக்கு அப்படியேதான் இருக்கிறது. டீச்சர் அவரைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். என் கழுத்தைப் பார்த்தார். பிடித்திருந்த கையை மெதுவாக விட்டார்.

"என் வீட்டுக்காரர் டீச்சர். அன்னைக்கு நீங்க பார்த்த மாமாதான்" என்றேன்.

மாமா டீச்சரைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு உள்ளே போய்விட்டார். அடையாளம் தெரிந்ததா இல்லையா என்று நான் கேட்கவில்லை. டீச்சர் வெண்டைக்காய்க் கூடையில் கையை வைத்துக்கொண்டு நின்றார். எவ்வளவோ வருஷமாக இவருக்கென்று நான் வார்த்தைகளைச் சேர்த்து வைத்திருந்தேன்.

"நீ படிக்கான் வேண்டியல்லே மோளே, ஞான் போயி பறஞ்ஞது" என்றார். நீ படிக்க வேண்டும் என்றுதானே நான் போய்ச் சொன்னேன் என்று.

"எங்கப்பாவும் நான் படிக்கிறதச் சொல்லத்தான் டீச்சர் பேனர் வச்சாரு" என்றேன்.